அவன் இடது கால்

எங்கள் பட்டாலியன் கால்பந்து அணியில் லெப்ட் விங் ஆட அவன் இருந்தான். அவனால் ஆட முடியாத நாளில் ஆடுவதற்கென்று ஒரு ஆளை வைத்திருந்தார்கள். அந்த ஆள் நான். நான்கு வருடத்தில் அவனால் ஆட முடியாமல் போனது மூன்று நாளோ நான்கு நாளோதான். மற்ற நாளெல்லாம் நான் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். ஆட்டம் முடிந்து வியர்வையோடு வந்து என் பக்கத்தில் விழும்போது, "பெஞ்சு தேஞ்சிச்சா, இவன் தேஞ்சானா, பாத்து சொல்லுங்கப்பா" என்பான். எல்லாரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். அது பொய்ச் சிரிப்பு இல்லை. அவன் ஆடுவதைப் பார்த்த எவனுக்கும் அந்த இடத்தின் மேல் ஆசை வராது.

அந்த இடது காலை இரண்டு தவணையில் எடுத்தார்கள். முதல் தவணை கார்கில் போரின்போது, மூன்று விரல். இரண்டாவது தவணை போன வருடம் திருப்பதி ஆஸ்பத்திரியில், முழங்காலுக்குக் கீழே மொத்தமும். முதல் தவணையில் எனக்குப் பங்கு உண்டு. அதை அவனிடம் சொல்ல எனக்கு இருபத்தைந்து வருடத்துக்கு மேல் ஆனது. எத்தனையோ பொங்கலுக்கு அவன் வீட்டுக்குப் போய், சாப்பிட்டு, சொல்லாமலே திரும்பி வந்திருக்கிறேன்.

இருவருக்கும் ஒரே ஊர். திருப்பதியிலிருந்து சென்னை போகும் சாலையில் வடமாலபேட்டை தாண்டி உள்ளே பிரிகிற ரோடு. அவர்கள் பல தலைமுறையாக நிலம் வைத்திருக்கும் தமிழ்க் குடும்பம், ஊருக்குள் வீடு. நாங்களும் தமிழ்தான். நிலமில்லாத தமிழ், காலனியில் வீடு. பள்ளிக்கூடத்தில் இரண்டு பேருக்கும் தெலுங்கு. வாத்தியார் தெலுங்கில் அடிப்பார், நாங்கள் தமிழில் அழுவோம். பந்து விளையாடியது வற்றிய ஏரியில். அங்கே மட்டும் யாரும் யாரையும் ஒதுங்கி நிற்கச் சொன்னதில்லை. பெரிய மனசெல்லாம் ஒன்றும் கிடையாது, இரண்டு அணிக்கு ஆள் பத்தாது, அவ்வளவுதான்.

எழுதுவது, சாப்பிடுவது எல்லாம் அவனுக்கு வலது கை. கால் மட்டும் இடது. பந்து மற்றவர்கள் காலில் பட்டால் சத்தம் கேட்கும். அவன் காலுக்குப் போனால் சத்தமே இருக்காது. ஓரத்தோடு ஓடிவந்து, எதிரே வருகிறவனை ஒரு பக்கம் சாயவிட்டு மறுபக்கம் போய்விடுவான். சாய்ந்தவன் எழுந்து மண்ணைத் தட்டிக்கொள்ளும்போது பந்து கோலுக்குள் கிடக்கும். பத்தொன்பது வயதில், ராணுவத்தில் விளையாட்டுக்காரர்களை எடுக்கிறார்கள் என்று கேள்விப்பட்டு இரண்டு பேரும் ரயிலேறினோம். அவன் ஆடிக்காட்டிய பத்தாவது நிமிடத்திலேயே அவன் பெயருக்கு நேரே டிக் போட்டுவிட்டார்கள். என்னை மதியம்வரை ஓடவிட்டுப் பிறகு எடுத்துக்கொண்டார்கள்.

பட்டாலியனில் அணி ஆட்களுக்கு மற்ற வேலைகள் குறைவு. காலையும் மாலையும் மைதானம்தான். இந்தி எனக்குச் சீக்கிரம் வந்துவிட்டது. அவனுக்குக் கடைசிவரை வரவில்லை. கோச் என்ன சொன்னாலும் என் பக்கம் திரும்பி, "இன்னா சொல்றான்?" என்பான். நான் சொல்வேன். அவனுடைய காதும் வாயும் நானாகத்தான் இருந்தேன். ஒரே தட்டில் இரண்டு பேரும் சாப்பிடுவோம். பாத்திரம் கழுவ அவனுக்குச் சோம்பல், அதுதான் காரணம் என்றாலும், எனக்கு அந்தத் தட்டு பெரிய விஷயம். எங்கள் ஊரில் அப்படி ஒன்று நடந்ததில்லை.

பூட்ஸ் விஷயத்தை இங்கே சொல்லிவிட வேண்டும். நாங்கள் எல்லாரும் பூட்ஸை ஒரு சைஸ் சிறியதாகத்தான் போடுவோம். ஒன்பது போட வேண்டிய கால் எட்டுக்குள் போகும். புது பூட்ஸ் வந்தால் வாளித் தண்ணீரில் ஊறவைத்து, ஈரத்தோடு மாட்டிக்கொண்டு, காலிலேயே காயும்வரை நடந்துகொண்டிருப்போம். தோல் காலோடு ஒட்டிவிடும். அப்படி ஒட்டினால்தான் பந்து காலில் தெரியும். தொளதொளவென்று பூட்ஸ் போட்டவனைப் பார்த்தால், "யார் ஊட்டு பூட்ஸுடா?" என்று கேலி செய்வோம். விரல் நசுங்கி நகம் கறுத்துப்போவது எங்களுக்குப் பெருமை.

போருக்கு இரண்டு மாதம் முன்பு அவன் தங்கச்சிக்குக் கல்யாணம். இருவரும் லீவில் வந்தோம். மூன்று நாள் நான் அந்த வீட்டில் வேலை செய்தேன். பந்தல் கட்டினேன், புத்தூரிலிருந்து நாற்காலி ஏற்றி வந்தேன், அண்டா தூக்கினேன். முகூர்த்தம் முடிந்து பந்தி போட்டார்கள். பசியில் ஓர் இலை முன்னால் உட்கார்ந்தேன். அவனுடைய பெரியப்பா வந்து, குனிந்து, என் தோளில் கை வைத்து மெதுவாகச் சொன்னார்: "நீ அப்புறமா உக்காரு நைனா. பின்னால உனக்குத் தனியா போடச் சொல்றேன்." பாசமாகத்தான் சொன்னார். அதுதான் இன்னும் எரிகிறது.

அவன் இரண்டு இலை தள்ளி சாம்பார் வாளியோடு நின்றிருந்தான். அவனுக்குக் கேட்டது. கரண்டி வாளிக்குள் ஒரு நொடி நின்றது. பிறகு அடுத்த இலைக்குக் குனிந்துவிட்டான். நான் எழுந்து போனேன். மோட்டார் கொட்டகைக்குப் பின்னால் எனக்கு இலை போட்டார்கள். சாப்பிடாமல் வீட்டுக்குப் போயிருக்கலாம். போகவில்லை, சாப்பிட்டேன். வடையும் பாயசமும்கூடச் சாப்பிட்டேன்.

லீவு முடிந்து திரும்புகையில் இரண்டு நாள் ரயிலில் ஒன்றாகவே உட்கார்ந்திருந்தோம். "பாத்தேன்டா" என்று ஒரே ஒரு சொல் அவன் சொல்வான் என்று காத்திருந்தேன். நாக்பூர் போனது, போபால் போனது. அவன் பந்தைப் பற்றியே பேசிக்கொண்டிருந்தான்.

போய்ச் சேர்ந்த வாரத்தில் அவனுக்கு ஒரு கடிதம் வந்தது. மொத்த ராணுவத்துக்கும் சேர்த்து அணி எடுக்கிற பயிற்சி முகாமுக்கு அவனைக் கூப்பிட்டிருந்தார்கள். அங்கிருந்து இந்திய அணிவரைக்கும் போகலாம் என்று எல்லாருக்கும் தெரியும். கடிதத்தை என்னிடம் கொடுத்து இரண்டு தடவை படிக்கச் சொன்னான். முகாம் தொடங்குவதற்குள் மலையில் போர் தொடங்கிவிட்டது. பட்டாலியன் கிளம்பியது. அணியைக் கலைத்து, பட்டாலியனில் அவரவர் பிரிவான கம்பெனிக்கு அனுப்பினார்கள். முகாமை அப்புறம் பார்த்துக்கொள்ளலாம் என்றார்கள்.

மலைக்குப் போகும் வழியில் ஸ்டோரில் குளிருக்கான பூட்ஸ் கொடுத்தார்கள். குவித்துப் போட்டிருந்தார்கள். ஸ்டோர்க்காரர் இந்தியில் கத்திக்கொண்டிருந்தார்: எல்லாரும் ஒரு சைஸ் பெரிதாக எடுங்கள், உள்ளே கம்பளிக் காலுறை இரண்டு போட வேண்டும், விரல் ஆட வேண்டும். அவன் வழக்கம்போல என் பக்கம் திரும்பினான்.

"இன்னா சொல்றான்?"

"ஒரு சைஸ் பெரிசா எடுக்கணுமாம்."

"நீ இன்னா எடுக்கற?"

"எட்டுதான். தொளதொளன்னு போட்டுக்கினு மலையில எப்படி ஏர்றது? நாம இன்னா பஜனை கோஷ்டியா?"

அவன் சிரித்தான். அவனும் எட்டு எடுத்தான். இதுவரைக்கும் நடந்தது முட்டாள்தனம், அவ்வளவுதான். அப்போது நான் வேண்டுமென்று எதுவும் செய்யவில்லை. நானும் அதே எட்டைத்தான் போட்டிருந்தேன்.

இரண்டு நாள் கழித்து, வேறொரு இடத்தில், மலைக்காரரான ஒரு ஹவில்தார் என் பூட்ஸின் முனையைக் கட்டைவிரலால் அமுக்கிப் பார்த்தார். கெட்ட வார்த்தையில் திட்டினார். இறுக்கமான பூட்ஸில் ரத்தம் விரலுக்குப் போகாது, மேலே ஒரே நாளில் விரல் செத்துவிடும், எத்தனையோ பேரைப் பார்த்திருக்கிறேன் என்றார். அந்த இடத்திலேயே கழற்றவைத்து, எங்கிருந்தோ பத்து கொண்டுவந்து மாட்டவைத்தார். "உன் விளையாட்டுக்காரப் பயல்கள் எல்லாரிடமும் சொல்" என்றார். ஸ்டோர்க்காரர் சொன்னதை நான் சட்டை செய்யவில்லை. இவர் சொன்னதை நம்பினேன். ஏனென்றால் அவருடைய இடது கையில் இரண்டு விரல் இல்லை.

மறுநாள் மதியம் ஒரு முகாமில் அவனைப் பார்த்தேன். அவன் கம்பெனி அடுத்த நாள் மேலே ஏறுகிறது. தகர டம்ளரில் டீ வாங்கிக்கொண்டு ஒரு பாறையில் உட்கார்ந்தோம். அரை மணி நேரம் இருந்தது. அவன் எழுந்து நின்று காலைத் தரையில் இரண்டு தடவை தட்டினான்.

"எப்பிடி கீது பாரு. கச்சிதமா கீது. ஊறவைக்காமலே ஒட்டிக்கிச்சி."

என் காலில் பத்து. அவன் கவனிக்கவில்லை. நான் அவன் பூட்ஸைப் பார்த்தேன். எனக்குத் தெரியும். சொல்ல வேண்டியது ஒரே ஒரு வரி. வாய்வரைக்கும் வந்தது. அப்போது அந்த சாம்பார் கரண்டி ஞாபகம் வந்தது. இவன் அன்றைக்கு ஒரு வார்த்தை சொன்னானா? அந்த எண்ணம் ஒரு நொடிதான் இருந்தது.

"ம்" என்றேன்.

அவன் சாகட்டும் என்று நினைக்கவில்லை. அவன் விரல் போகட்டும் என்றுகூட நினைக்கவில்லை. கொஞ்ச நேரம் கோபமாக இருக்கலாம், கிளம்புவதற்குள் சொல்லிக்கொள்ளலாம் என்று நினைத்தேன். விசில் ஊதிவிட்டார்கள். அவரவர் கம்பெனிக்கு ஓடினோம்.

பதினோரு நாள் கழித்து ஒரு காலையில் அவனைக் கீழே தூக்கிவந்தார்கள். நான் அடிவாரத்தில் சுமை ஏற்றும் வேலையில் இருந்தேன். பூட்ஸை வெட்டித்தான் எடுக்க முடிந்தது. இடது கால் விரல்கள் சுட்ட கத்தரிக்காய் மாதிரி இருந்தன. வலது கால் எப்படியோ தப்பித்திருந்தது. என்னைப் பார்த்துச் சிரித்தான். "வலியே இல்லடா. ஒண்ணுமே தெரியல" என்றான். வலிக்காமல் இருப்பதுதான் மோசம் என்று பக்கத்தில் நின்ற டாக்டர் இந்தியில் சொன்னார். அதை நான் அவனுக்குச் சொல்லவில்லை. கட்டைவிரலும் அடுத்த இரண்டும் போயின.

ஒரு வருடம் கழித்து மறுபடி மைதானத்துக்கு வந்தான். பூட்ஸின் முனையில் பஞ்சு அடைத்துக்கொண்டு ஆடினான். இருபது நிமிடம். கட்டைவிரல் இல்லாமல் தரையை உந்த முடியாது. ஓரத்தோடு ஓடிவந்து எதிரே வந்தவனைச் சாயவிடப் பார்த்தான். இவன்தான் சாய்ந்தான். இரண்டு தடவை எழுந்தான். மூன்றாவது தடவை உட்கார்ந்தபடியே கையைத் தூக்கி, ஆளை மாற்றச் சொன்னான். பெஞ்சிலிருந்து எழுந்து போன ஆள் நான். அன்று அவன் பெஞ்சில் உட்கார்ந்து ஆட்டம் முழுவதையும் பார்த்தான். நான் நன்றாக ஆடினேன். அந்த இடத்தில் மேலும் ஏழு வருடம் ஆடினேன்.

பயிற்சி முகாமுக்கு மறுபடி யாரும் அவனைக் கூப்பிடவில்லை. ராணுவத்தைவிட்டு ஊருக்கு வந்து மாந்தோப்பைப் பார்த்துக்கொண்டான். கல்யாணமானது, ஒரே மகள். ஊரில் அவன் காலைக் குண்டு துளைத்ததாகத்தான் பேச்சு. பள்ளிக்கூடத்தில் கொடியேற்றக் கூப்பிடுவார்கள். "குண்டு இல்லீங்க, குளிரு" என்று அவன் சொல்லிப் பார்ப்பான். யாரும் காதில் வாங்கமாட்டார்கள். நான் ஹவில்தாராக ஓய்வுபெற்று, ஸ்ரீ சிட்டி தொழிற்பேட்டையில் ஒரு கம்பெனியில் செக்யூரிட்டி சூப்பர்வைசர் ஆனேன். பொங்கலுக்குப் பொங்கல் அவன் வீட்டுக்குப் போவேன். காலம் மாறிவிட்டது. அவன் மனைவி என்னை அண்ணா என்று கூப்பிட்டு, உள்ளே உட்காரவைத்துத்தான் சோறு போடுவார். அவன் நொண்டிக்கொண்டே வந்து பக்கத்தில் உட்காருவான். அந்தச் சோறு எனக்கு ஒரு வருடமும் சரியாக இறங்கியதில்லை.

அவனுக்கு சர்க்கரை வந்தது. விரல் எடுத்த இடத்தில் புண் வந்தது. மாங்காய் சீசன் என்று அலைந்து புண்ணைப் பெரிதாக்கிக்கொண்டான். திருப்பதியில் சேர்த்தபோது முழங்காலுக்குக் கீழே எடுத்தாக வேண்டும் என்று சொல்லிவிட்டார்கள். நான் லீவு போட்டுப் போனேன். ஆபரேஷனுக்கு முந்தின நாள் மதியம், அவன் மனைவி மருந்து வாங்கக் கீழே போயிருந்தார். கால் இருக்கும்போதே சொல்லிவிட வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. ஏன் என்று கேட்டால் தெரியாது.

"உனக்கு ஒண்ணு சொல்லணும்."

"சொல்லு. எங்க ஓடிடப் போறேன்?"

சொன்னேன். ஸ்டோர், ஹவில்தார், பாறை, டீ. முடித்ததும் அவன் தலையை என் பக்கம் திருப்பினான்.

"டீ குடிச்சப்பவே தெரியுமா உனக்கு?"

"தெரியும்."

"நான் பூட்ஸக் காட்டினனே."

"காட்டின."

"நீ 'ம்'ன்ன."

அந்த 'ம்' அவனுக்கு ஞாபகம் இருந்தது. ஏன் சொல்லவில்லை என்று கேட்டான். கல்யாணப் பந்தியைச் சொன்னேன். பெரியப்பா, சாம்பார் வாளி, கொட்டகைக்குப் பின்னால் போட்ட இலை. நான் எழுந்து போனது அவனுக்கு ஞாபகம் இருக்கிறதா என்று கேட்டேன். இருக்கிறது என்று தலையசைத்தான்.

"அதுக்கா?" என்றான். "ஒரு எலைக்கா?"

"உனக்கு அது ஒரு எல" என்றேன்.

சொல்லியிருக்கக் கூடாது. அந்த நேரத்தில், அந்தக் காலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, எனக்கு ரோஷம் வந்திருக்கக் கூடாது. ஆனால் வந்தது. அவன் முகத்தைச் சுவர் பக்கம் திருப்பிக்கொண்டான். மனைவி மருந்தோடு வந்தபோது, "இவன போவச் சொல்லு" என்றான். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. என்னையும் அவனையும் மாறி மாறிப் பார்த்தார். நான் வெளியே வந்து வராண்டாவில் பெஞ்சில் உட்கார்ந்தேன். வீட்டுக்குப் போகவில்லை. பெஞ்சில் உட்காருவது எனக்குப் பழக்கம்தானே.

காலையில் அவனை உள்ளே கொண்டுபோனார்கள். இடுப்புக்குக் கீழே மட்டும் மரத்துப்போகிற ஊசி என்பதால் முழு நினைவோடு இருந்தான். ஸ்ட்ரெச்சர் என்னைத் தாண்டிப் போனது. கண்ணைத் திறந்துதான் வைத்திருந்தான், என்னைப் பார்க்கவில்லை. ஊரிலிருந்து அவனுடைய பெரியப்பா மகன் வந்திருந்தான். பெங்களூரிலிருந்து மகள் அடுத்த நாள்தான் வர முடியும். பத்து மணிக்கு மேல் ஓர் ஆள் கதவைத் திறந்து, "பேஷண்ட் தாலூகு எவரண்டி?" என்று கேட்டான். நோயாளியைச் சேர்ந்தவர் யார் என்று கேட்கிறான். கையில் துணி சுற்றிப் பிளாஸ்டிக் பையில் போட்ட பொட்டலம். கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொள்ளுங்கள், வேண்டாமென்றால் நாங்களே அழித்துவிடுகிறோம் என்றான்.

எங்கள் பக்கத்தில் அதை ஆஸ்பத்திரியில் விட்டுவிட்டு வருகிற வழக்கமில்லை. உயிரோடு இருக்கிறவனின் கால் என்றாலும் முறையாக மண்ணில் சேர்க்க வேண்டும். அவன் மனைவி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு பின்னால் நகர்ந்தார். பெரியப்பா மகன் கையைக் கட்டிக்கொண்டு நின்றான். பிறகு என்னைக் காட்டி, அவரிடம் சொன்னான்:

"அதான் இவரு கீறாரே. அவங்களுக்குத் தெரிஞ்ச வேலதான."

என் அப்பாவை நைனா என்றுதான் கூப்பிடுவேன், அவர் ஊருக்குக் குழி வெட்டியவர். ஊரில் யார் செத்தாலும் முதலில் எங்கள் வாசலில்தான் வந்து கூப்பிடுவார்கள். மழையோ வெயிலோ, நைனா கடப்பாரையைத் தூக்கிக்கொண்டு போவார். அந்தக் கடப்பாரையை ஒரு நாளும் தொடமாட்டேன் என்று பத்து வயதிலேயே முடிவு செய்தேன். நான் ராணுவத்துக்கு ஓடியது பந்தின் மேல் ஆசைப்பட்டு என்று எல்லாரும் நினைத்தார்கள். பாதிதான் உண்மை.

எனக்கு ரத்தம் தலைக்கு ஏறியது. "யாருக்குத் தெரிஞ்ச வேல? வந்து என் மூஞ்சிய பாத்து சொல்லு" என்று எழுந்தேன். அடித்திருப்பேன். அவன் மனைவி குறுக்கே வந்தார். "இருங்கண்ணா, நான் அவரையே கேக்கறேன்" என்றவர், அந்த ஆஸ்பத்திரி ஆளிடம் கெஞ்சி, அவனைக் கிடத்தியிருந்த அறைக்குள் போனார். இரண்டு நிமிடத்தில் திரும்பி வந்தார்.

"அண்ணா, நீங்கதான் எடுத்துக்கினு போவணுமாம். வேற யாரும் தொடக்கூடாதாம்."

"வேற இன்னா சொன்னான்?"

"ஒண்ணும் சொல்லல. கண்ண மூடிக்கினாரு."

அது தண்டனையா, என்னை நம்பிக் கொடுத்ததா? பெரியப்பா மகன் சொன்னதையே அவனும் சொல்கிறானா, அல்லது அதற்கு நேர் எதிராகச் சொல்கிறானா? இன்றுவரை எனக்குத் தெரியாது. கையெழுத்துப் போட்டேன். உறவு என்ற இடத்தில் என்ன எழுதுவது என்று கொஞ்சம் தயங்கி, எதுவும் எழுதாமல் விட்டேன். அந்த ஆளும் கேட்கவில்லை. பொட்டலம் நான் நினைத்ததைவிட கனமாக இருந்தது.

ஆட்டோ பிடித்தேன். மடியில் வைத்துக்கொண்டேன். பாதி வழியில் டிரைவர் கண்ணாடியில் பார்த்து, "ஏமுந்தி சார் அந்துலோ?" என்று பையில் என்ன இருக்கிறது எனக் கேட்டான். பொய் சொல்ல வாய் வரவில்லை. ஒரு மனுஷனுடைய கால் என்றேன். வண்டியை ஓரங்கட்டி நிறுத்தினான். ஆஸ்பத்திரிக் காகிதத்தைக் காட்டினேன். அதை முழுக்கப் படித்துவிட்டு, திருப்பிக் கொடுத்து மறுபடி கிளப்பினான். வடமாலபேட்டையில் இறங்கி ஒரு கடையில் கல்லுப்பு வாங்கினேன். நைனா குழியில் உப்பு போடுவதைப் பார்த்திருக்கிறேன்.

ஏரியில் புதைக்கலாமா என்று ஒரு நொடி தோன்றியது. சினிமாத்தனம். தண்ணீர் வந்தால் மண் கரைந்து மேலே வந்துவிடும். அவனுடைய மாந்தோப்புக்கே போனேன். போர்வெல் பக்கத்தில் மண் இளக்கமாக இருந்தது. மோட்டார் கொட்டகையில் கடப்பாரையும் மண்வெட்டியும் சாத்தியிருந்தன. கடப்பாரையை எடுத்தேன். யாரும் சொல்லித்தராமலே கைக்கு அது தெரிந்திருந்தது. எங்கே குத்த வேண்டும், எப்போது மண்ணை அள்ள வேண்டும் என்று உடம்பே செய்துகொண்டு போனது. அந்த வேலைக்காக இத்தனை வருடம் வெட்கப்பட்டவனுக்கு அன்றைக்கு வெட்கமாக இல்லை. நைனா இத்தனை நேரம் தனியாக வெட்டியிருப்பார், ஒருவனும் தண்ணீர் வேண்டுமா என்று கேட்டிருக்கமாட்டான் என்றுதான் நினைத்துக்கொண்டேன்.

இடுப்பளவு ஆனதும் நிறுத்தினேன். பிளாஸ்டிக்கோடு புதைக்க மனம் வரவில்லை. பையைக் கிழித்தேன். துணி விலகியது. பாதத்தில் மீதியிருந்த இரண்டு விரலையும் பார்த்தேன். நாற்பது வருடமாகப் பக்கத்திலிருந்து பார்த்த கால். இவ்வளவு சின்னக் காலா என்றிருந்தது. அதைக் கையில் பிடித்துக்கொண்டு வாய்விட்டு அழுதேன். என் நைனா செத்தபோதுகூட அப்படி அழவில்லை. தோப்பில் யாரும் இல்லை. உப்பு போட்டு, மண் தள்ளி, நாய் தோண்டாமல் இருக்க மேலே கல் வைத்தேன். கை கால் கழுவிக்கொண்டு பஸ் ஏறினேன்.

ஆறு மணிக்குப் பார்வையாளர் நேரம். அவனை வார்டுக்கு மாற்றியிருந்தார்கள். உள்ளே விடமாட்டான் என்றுதான் நினைத்தேன். அவன் மனைவி என்னைப் பார்த்ததும் அவனிடம் குனிந்து ஏதோ சொன்னார். அவன் கண்ணைத் திறந்தான்.

"எங்க?"

"தோப்புல. போர் பக்கத்துல."

"எவ்ளோ ஆழம்?"

"இடுப்பளவு."

"நாயி தோண்டாதே?"

"தோண்டாது. கல்லு வச்சிருக்கறேன்."

இருந்த ஒரே ஸ்டூலில் அவன் மனைவி உட்கார்ந்திருந்தார். வெட்டிய வெட்டில் என் இடுப்பு விட்டுப்போயிருந்தது, நிற்க முடியவில்லை. கட்டிலின் கால்பக்கம், இடது ஓரத்தில், போர்வை தட்டையாகக் கிடந்தது. அங்கே உட்கார்ந்தேன்.

"டேய்" என்று கத்தினான். முகம் வலியில் கோணியது. "கால் மேல உக்கார்றடா!"

துள்ளி எழுந்தேன். அவன் போர்வையைப் பார்த்தான். நானும் பார்த்தேன். அங்கே ஒன்றும் இல்லை என்று அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். என் நகக்கண்ணில் அந்த மண் இன்னும் இருந்தது.

"மன்னிச்சிடுடா" என்றேன். முந்தின நாள் அத்தனையும் சொன்னபோது இந்த ஒரு சொல் மட்டும் என் வாயில் வரவில்லை.

"வலிக்குதுடா" என்றான். "விரலெல்லாம் வலிக்குது."

நேரம் முடிந்து நர்ஸ் வந்து எல்லாரையும் போகச் சொல்லும்வரை, அந்தக் கட்டிலோரத்தில் நின்றுகொண்டே இருந்தேன்.